ஐசக் ஹேய்ஸ்: ஆஸ்கர் வாங்கியவர் நடிக்கப் போனது ஏன்?

‘ஷாஃப்ட்’ படத்துக்காக ஆஸ்கர் வாங்கிய அமெரிக்க இசைக்கலைஞர் ஐசக் ஹேய்ஸ், அதன் பிறகு பெரிய படங்களுக்கு இசையமைக்காமல், தாதா வேடம், நகைச்சுவை வேடம், கடைசியில் கார்ட்டூன் தொடரில் ஒரு சமையல்காரருக்குக் குரல் என்று போய்விட்டாரே, சரக்கு தீர்ந்துவிட்டதா என்று கேட்டிருக்கிறீர்கள். இதற்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. அந்த ஒரு படத்தின் இசை நிஜமாகவே அவ்வளவு பெரிய விஷயமா? பெரிய விஷயம்தான் என்றால், அதைச் செய்தவர் ஏன் அந்த வேலையிலேயே நிலைக்கவில்லை? என் பதிலை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். சரக்கு தீரவில்லை. பாட்டுகளின் வருமானம்தான் கையைவிட்டுப் போனது. குரலும் முகமும் மட்டும் அவரிடம் மிஞ்சின. நான் 22 வருடமாக ஒலிப்பதிவுக் கூடங்களில் கீபோர்ட் வாசிக்கிறேன். ஹேய்ஸின் ஆர்கன் வாசிப்பைத் திரும்பத் திரும்பக் கேட்டுப் பழகியவன். பதிவான தகவல் எது, என் ஊகம் எது என்று பிரித்தே சொல்கிறேன்.

அவர் பிறந்தது 1942 ஆகஸ்ட் 20, அமெரிக்காவின் டென்னஸி மாநிலத்தில், கோவிங்டன் என்ற சிற்றூரில். கைக்குழந்தையாக இருக்கும்போதே அம்மா இறந்துவிட்டார், அப்பா விட்டுவிட்டுப் போய்விட்டார். அம்மாவைப் பெற்ற தாத்தா பாட்டிதான் வளர்த்தார்கள். அவர்கள் அடுத்தவர் நிலத்தில், விளைச்சலில் பங்கு என்ற கணக்கில் உழுதவர்கள். பேரனும் பருத்தி பொறுக்கியிருக்கிறான். ஐந்து வயதில் சர்ச்சில் பாட ஆரம்பித்தான். பியானோ, ஆர்கன், புல்லாங்குழல், சாக்ஸபோன் எல்லாம் தானே தட்டித் தடவிக் கற்றுக்கொண்டதுதான். பின்னர் மெம்பிஸ் நகரத்துக்கு வந்து, பள்ளியை நடுவில் விட்டு, 21 வயதில்தான் முடித்தார். பகலில் இறைச்சி பதப்படுத்தும் ஆலையில் வேலை, இரவில் கிளப்புகளில் வாசிப்பு. இசை படிக்க உதவித்தொகை கிடைத்தும், குடும்பத்தைப் பார்க்க வேண்டியிருந்ததால் போகவில்லை. இந்த விவரத்தை நினைவில் வையுங்கள். அவர் நொட்டேஷன், அதாவது இசையைத் தாளில் குறியீடுகளாக எழுதும் முறை, கற்காதவர் என்பது பின்னால் முக்கியமாக வரும்.

மெம்பிஸில் மெக்லெமோர் அவென்யூவில் ஸ்டாக்ஸ் என்ற இசைத்தட்டு நிறுவனம் இருந்தது. ஜிம் ஸ்டூவர்ட், அவருடைய அக்கா எஸ்டெல் ஆக்ஸ்டன் இருவரும் நடத்தியது. இருவர் பெயரின் முதல் எழுத்துகளைச் சேர்த்துத்தான் அந்தப் பெயர். அவர்களுடைய ஒலிப்பதிவுக் கூடம் அதற்கு முன் ஒரு சினிமா கொட்டகை. நாற்காலிகளைப் பிடுங்கினார்களே தவிர, திரையை நோக்கிச் சரிந்திறங்கும் தரையை அப்படியே விட்டுவிட்டார்கள். அங்கே பதிவான பாட்டுகளில் கேட்கும் அந்தத் தனி முழக்கத்துக்கு அந்தக் கட்டடமும் ஒரு காரணம் என்பது பலருடைய கருத்து, என்னுடையதும். அங்கே ஆர்கன் வாசித்த புக்கர் டி. ஜோன்ஸ் இசை படிக்க இண்டியானா பல்கலைக்கழகத்துக்குப் போனபோது காலியான இடத்தில்தான் ஹேய்ஸ் உட்கார்ந்தார். பாடகர் ஓட்டிஸ் ரெடிங்கின் பதிவுகளில் வாசித்தார்.

அங்கேதான் டேவிட் போர்ட்டரோடு கூட்டு. போர்ட்டருக்குச் சொல், ஹேய்ஸுக்கு மெட்டு என்று பொதுவாகச் சொல்வார்கள். சாம் அண்ட் டேவ் என்ற இரட்டையருக்கு இவர்கள் எழுதிய ‘ஹோல்ட் ஆன், ஐ’ம் கமின்’, ‘சோல் மேன்’ இரண்டும் அந்தக் காலத்தின் பெரிய வெற்றிகள். 1967-ல் டெட்ராய்ட் கலவரத்தில், கறுப்பின மக்கள் நடத்தும் கடைகளைக் கொளுத்தாமல் விடும்படி சுவரில் ‘சோல்’ என்று எழுதி வைத்திருந்ததைத் தொலைக்காட்சியில் பார்த்ததுதான் ‘சோல் மேன்’ பாட்டுக்கு விதை என்று ஹேய்ஸே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார். கண்ணால் பார்த்த ஒரு காட்சியிலிருந்து பாட்டை எடுக்கும் பழக்கம் அவருக்கு அப்போதே இருந்தது.

அடுத்த ஒன்றரை வருடம் ஸ்டாக்ஸுக்கு இடி மேல் இடி. 1967 டிசம்பரில் ஓட்டிஸ் ரெடிங் விமான விபத்தில் இறந்தார். 1968-ல் அட்லாண்டிக் நிறுவனத்துடனான விநியோக ஒப்பந்தம் முறிந்தபோது, அதுவரை வெளியான பதிவுகளின் மூலநாடாக்கள் எல்லாம் அட்லாண்டிக்குக்கே சொந்தம் என்று தெரியவந்தது. அதே ஆண்டு ஏப்ரல் 4-ம் தேதி மார்ட்டின் லூதர் கிங் மெம்பிஸில் சுட்டுக் கொல்லப்பட்டார். கொலை நடந்த லொரெய்ன் விடுதி, ஸ்டாக்ஸ் ஆட்கள் தங்கிப் பாட்டெழுதிய இடம். அதன் பிறகு ஏறக்குறைய ஒரு வருடம் எதையும் எழுத முடியவில்லை என்று ஹேய்ஸ் சொல்லியிருக்கிறார்.

பழைய சரக்கு எதுவும் கையில் இல்லாத ஸ்டாக்ஸ், 1969-ல் ஒரே மூச்சில் 27 ஆல்பங்களை வெளியிட முடிவு செய்தது. அந்தக் கூட்டத்தில் ஒன்றாக, யாரும் பெரிதாக எதிர்பார்க்காமல் வந்ததுதான் ஹேய்ஸின் ‘ஹாட் பட்டர்டு சோல்’. மொத்தமே நான்கு பாட்டு. மூன்று நிமிடத்துக்கு மேல் போனால் ரேடியோவில் போட மாட்டார்கள் என்று நினைத்த காலத்தில், ஒரு பாட்டு 12 நிமிடம், இன்னொன்று 18 நிமிடம் 42 விநாடி. அந்த நீளப் பாட்டு, ‘பை த டைம் ஐ கெட் டு ஃபீனிக்ஸ்’, ஜிம்மி வெப் எழுதி வேறு ஒருவர் பாடிப் பிரபலமான பழைய பாட்டுதான். மனைவியை விட்டுக் காரில் கிளம்பிப் போகும் ஒருவனின் கதை. ஹேய்ஸ் உடனே பாடத் தொடங்குவதில்லை. ஆர்கனில் ஒரே கார்டை (சேர்ந்தொலிக்கும் சில சுரங்களை) அழுத்திப் பிடித்துக்கொண்டு, அவன் யார், அவள் என்ன செய்தாள், அவன் எத்தனை முறை திரும்பி வந்தான் என்று எட்டு நிமிடத்துக்கு மேல் பேசுகிறார். கதாகாலட்சேபம் கேட்டவர்களுக்கு இது உடனே பிடிபடும். கதையைச் சொல்லி, கேட்பவரை அந்த இடத்தில் கொண்டுபோய் நிறுத்திவிட்டு, அப்புறம்தான் பாட்டு. மெம்பிஸ் கிளப் ஒன்றில் கூட்டம் சளசளவென்று பேசிக்கொண்டிருந்தபோது கவனத்தைத் திருப்பத்தான் முதன்முதலில் அப்படிச் செய்தாராம். அதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றுவது, இந்த மனிதர் சினிமா கிடைப்பதற்கு இரண்டு வருடம் முன்பே படம் காட்டிக்கொண்டிருந்தார் என்பதுதான்.

இனி ‘ஷாஃப்ட்’. 1971-ல் ஹாலிவுட் நிறுவனமான எம்ஜிஎம் தயாரித்து, புகைப்படக் கலைஞராகப் புகழ்பெற்ற கார்டன் பார்க்ஸ் இயக்கிய படம். நியூயார்க்கில் தனியாகத் துப்பறியும் கறுப்பினத்தவர் ஜான் ஷாஃப்டாக ரிச்சர்ட் ரவுண்ட்ட்ரீ நடித்தார். இங்கே உங்கள் கேள்விக்கு நேராகப் பொருந்தும் செய்தி ஒன்று உண்டு. ஹேய்ஸ் அந்தப் படத்துக்கு இசையமைக்க ஒப்புக்கொண்டபோது, நாயகன் வேடத்துக்கு அவரையும் பரிசோதித்துப் பார்ப்பதாகத் தயாரிப்புத் தரப்பு வாக்குக் கொடுத்திருந்தது. அந்தப் பரிசோதனை நடக்கவே இல்லை. அவர் தன் பங்குக்கு இசையை முடித்துக் கொடுத்தார். அதாவது நடிப்பு ஆசை, மார்க்கெட் போன பிறகு வந்ததல்ல. இசையமைக்க உட்காரும்போதே இருந்தது.

முதலில் மூன்று காட்சிகளைக் கொடுத்து சோதித்தார்கள்: ஷாஃப்ட் சுரங்க ரயில் நிலையத்திலிருந்து தெருவுக்கு ஏறி வரும் தொடக்கக் காட்சி, அவன் ஹார்லெம் தெருக்களில் ஆளைத் தேடி அலைவது, ஒரு காதல் காட்சி. இந்த மூன்றிலிருந்தே படத்தின் மூன்று முக்கியமான இசைத்துண்டுகளும் பிறந்தன. ஷாஃப்ட் ஓயாமல் நகர்ந்துகொண்டே இருப்பவன், இசையும் அப்படியே இருக்க வேண்டும் என்று பார்க்ஸ் சொன்னார். ஹேய்ஸ் அதற்குத் தேடிப்போனது மெட்டையல்ல, டிரம்ஸில் இருக்கும் ஹை-ஹாட்டை, அதாவது ஒன்றன் மேல் ஒன்றாக இருக்கும் ஜோடி உலோகத் தட்டுகளை. வில்லி ஹால் என்ற டிரம்மரிடம் ஒரு அடிக்கு நான்கு தட்டல், நம் கணக்கில் சதுஸ்ர நடை, நிறுத்தாமல் வாசிக்கச் சொன்னார். கேட்க எளிமையாக இருக்கும். வாசிக்கிறவர்களிடம் கேட்டுப் பாருங்கள். நான்கரை நிமிடம் வேகம் கூடாமல் குறையாமல், அதே நேரம் இயந்திரம் மாதிரியும் இல்லாமல் தட்டுவது மணிக்கட்டை உடைக்கிற வேலை.

அதன் மேல் சார்லஸ் ‘ஸ்கிப்’ பிட்ஸின் வா-வா கிட்டார். காலால் அழுத்தும் பெடல் ஒன்று, கிட்டாரின் ஒலியை வாய் திறந்து மூடுவது போல் மாற்றும். பிட்ஸ் பெடல்களைச் சரிபார்த்துக்கொண்டு சும்மா தட்டிக்கொண்டிருந்ததை ஹேய்ஸ் கேட்டு, அதையே வாசி என்று நிறுத்திப் பிடித்துக்கொண்டதாகச் சொல்வார்கள். கவனித்தால், அந்தக் கிட்டார் பெரும்பாலும் ஒரே சுரத்தைத்தான் வாசிக்கிறது. மெட்டு நகரவே இல்லை, ஒலியின் நிறம்தான் மாறுகிறது. பிறகு புல்லாங்குழல், வயலின்கள், பித்தளைக் கருவிகள் ஒவ்வொன்றாக நுழைகின்றன. பாடும் குரல் வருவதற்குள் பாட்டில் பாதிக்கு மேல் கடந்துவிடுகிறது. இன்றும் ரீ-ரெக்கார்டிங்கில் ஒரு நாயகன் நடந்துவரும் காட்சி என்றால் முதலில் தாளத்தை மட்டும் விட்டு, அடுக்கடுக்காகச் சேர்ப்போம். அந்தப் பாதையைப் போட்டவர்கள் பலர் இருக்கிறார்கள், ஆனால் இவ்வளவு தெளிவாகப் போட்டது இவர்தான் என்பது என் கருத்து. இதை நிரூபிக்க முடியாது, காதுதான் சாட்சி.

நொட்டேஷன் தெரியாதவர் எப்படி முழுப் படத்துக்கு இசையமைத்தார், யாரோ எழுதியதற்கு இவர் பெயர் போட்டுக்கொண்டாரா என்று சிலர் கேட்பதுண்டு. வயலின், பித்தளைக் கருவிகளுக்கான பகுதிகளைத் தாளில் எழுதியதில் ஜானி ஆலனின் பங்கு உறுதி. கிராமி விருதில் இசைக்கோவைக்கான பரிசு இருவர் பெயரிலும்தான் வந்தது, யாரும் மறைக்கவில்லை. ஆனால் வாயால் பாடிக் காட்டி, கீபோர்டில் வாசித்துக் காட்டி, ஒவ்வொரு கருவிக்கும் இன்னது வேண்டும் என்று சொல்வதும் இசையமைப்புதான். நான் வேலை செய்த கூடங்களில் அப்படி இசையமைத்தவர்களைப் பார்த்திருக்கிறேன். தாளில் எழுதுகிறவர் இல்லாவிட்டால் வேலை நடக்காது. சொல்கிறவர் இல்லாவிட்டால் எழுத ஒன்றும் இருக்காது.

1971 நவம்பரில் ‘ஷாஃப்ட்’ பாட்டு அமெரிக்காவின் பில்போர்ட் வெற்றிப் பாடல் பட்டியலில் முதலிடத்தில் இரண்டு வாரம் நின்றது. 1972 ஏப்ரல் 10 ஆஸ்கர் விழாவில் சிறந்த பாடலுக்கான விருது. அந்தப் பிரிவில் வென்ற முதல் கறுப்பினத்தவர் ஹேய்ஸ். போட்டிப் பிரிவுகளை எல்லாம் சேர்த்தால், நடிப்புக்காக வாங்கிய ஹாட்டி மெக்டேனியல், சிட்னி பாய்ட்டியே இருவருக்கும் அடுத்து மூன்றாமவர். மேடையில் வெற்றுடம்பில் சங்கிலிகளால் ஆன சட்டையோடு ஆர்கன் வாசித்தார். கறுப்பின மக்களைக் கட்டிய பொருளையே அணிகலனாக்கியது பற்றி அவர் பின்னாளில் பேசியிருக்கிறார். விருதை வாங்கும்போது உடன் வந்திருந்த பாட்டியைக் குறிப்பிட்டு, இன்னும் சில நாளில் அவருக்கு 80 வயது ஆகிறது, இது அந்தப் பிறந்தநாளுக்கு என்றார். பருத்திக் காட்டில் வளர்த்த பாட்டி அந்த அரங்கில் உட்கார்ந்திருந்தார். இந்த இடத்தை எழுதும்போது எனக்கு ஒவ்வொரு தடவையும் தொண்டை அடைக்கும். அதே படத்தின் பின்னணி இசைக்கும் பரிந்துரை இருந்தது, அது கிடைக்கவில்லை.

உரிமை என்ற விஷயம் முதலில் தலைகாட்டுவது அதே வருடத்தில். 1972 ஆகஸ்ட் 20, அவருடைய 30-வது பிறந்தநாள். லாஸ் ஏஞ்சலஸ் கலோசியம் அரங்கில் ஸ்டாக்ஸ் நடத்திய ‘வாட்ஸ்டாக்ஸ்’ கச்சேரிக்கு ஒரு டாலர் டிக்கெட்டில் ஒரு லட்சம் பேர் வந்தார்கள். கடைசியில் வந்து ‘ஷாஃப்ட்’ பாட்டை வாசித்தவர் ஹேய்ஸ். அந்தக் கச்சேரியைப் படமாக வெளியிட்டபோது எம்ஜிஎம் குறுக்கே வந்தது. 1978 வரை ‘ஷாஃப்ட்’ பாடல்களை வேறு படத்தில் அவர் பாடக் கூடாது என்பது ஒப்பந்தம். அதனால் அந்தப் பகுதியை வெட்டிவிட்டு, வேறொரு பாட்டைத் தனியாகப் படம்பிடித்து ஒட்டினார்கள். முப்பது வருடம் கழித்து, 2003-ல் வந்த புதுப்பித்த பிரதியில்தான் மக்கள் அன்று நடந்ததை நடந்தபடி பார்த்தார்கள். தன் பாட்டு, தன் பிறந்தநாள், தன் மேடை, ஆனாலும் திரையில் காட்ட உரிமை வேறொருவரிடம்.

1974-ல் ‘த்ரீ டஃப் கைஸ்’, ‘டிரக் டர்னர்’ என்று இரண்டு படங்களில் நடித்தார், இரண்டுக்கும் இசையும் அவரே. ‘டிரக் டர்னர்’ படத்தில் நாயகன். ஆகவே பணக் கஷ்டம்தான் அவரை நடிகராக்கியது என்று நான் சொன்னால் அது தவறு. அப்போது அவர் உச்சத்தில்தான் இருந்தார். பணக் கஷ்டம் செய்தது வேறு. இரண்டு கைகளில் ஒரு கையைக் கட்டிப்போட்டது.

அதே 1974-ல் ஸ்டாக்ஸ் கடனில் தள்ளாடியது. தனக்கு வர வேண்டிய பணத்துக்காக ஹேய்ஸ் 53 லட்சம் டாலர் கேட்டு வழக்குப் போட்டார். நிறுவனத்திடம் கொடுக்கப் பணமில்லை. உடன்பாடாகப் பிரிந்தார்கள், கொஞ்ச நாளில் நிறுவனமே மூழ்கியது. 1976-ல் அவரே திவால் மனு கொடுத்தார், கடன் 60 லட்சம் டாலருக்கு மேல். வீடு போனது, உடைமைகள் போயின. ஸ்டாக்ஸ் கொடுத்த, தங்க முலாம் பூசிய கடிலாக் காரும் போனது. எல்லாவற்றையும்விடப் பெரிய இழப்பு, அதுவரை எழுதிய, பாடிய, தயாரித்த இசையிலிருந்து இனி வரப்போகும் ராயல்டி முழுவதும் போனது. 1978-ன் கடைசியில் புளூஸ் பிரதர்ஸ் என்ற குழு ‘சோல் மேன்’ பாட்டை மறுபடி பாடி நாடு முழுக்க ஒலிக்க வைத்தபோது, எழுதியவருக்கு அதில் பங்கில்லை. பாட்டெழுதும் தொழிலில் இருப்பவர்களுக்கு இதன் வலி தெரியும். இன்று செய்யும் வேலைக்கு இன்று கூலி கிடைக்காவிட்டாலும், என்றைக்காவது பாட்டு சோறு போடும் என்ற நம்பிக்கையில்தான் இந்தத் தொழிலே ஓடுகிறது.

நடிப்புக்கு அந்தச் சிக்கல் இல்லை. போய் நின்றால் சம்பளம். ‘ராக்ஃபோர்ட் ஃபைல்ஸ்’ தொடரில் ஜேம்ஸ் கார்னரோடு, சிறையிலிருந்து வந்த காண்டி ஃபிட்ச் என்ற பாத்திரம். நாயகனின் பெயரை ‘ராக்ஃபிஷ்’ என்றே கடைசி வரை கூப்பிடுவார். 1981-ல் ஜான் கார்ப்பென்டரின் ‘எஸ்கேப் ஃப்ரம் நியூயார்க்’ படத்தில் சிறைத்தீவாகிவிட்ட நகரத்தை ஆளும் ‘டியூக்’. காரின் முன்பக்கத்தில் சரவிளக்குகளை மாட்டிக்கொண்டு வருவார். அதிகம் பேச மாட்டார். அந்தத் தடித்த குரல் இரண்டு வார்த்தை சொன்னால் போதும். 1988-ல் ‘ஐ’ம் கோனா கிட் யூ சக்கா’, 1993-ல் மெல் புரூக்ஸின் ராபின் ஹூட் நகைச்சுவைப் படம். எல்லாம் பெரிய வேடங்கள் என்று சொல்ல மாட்டேன். பிழைப்புக்காகச் செய்ததும் இருக்கும், இது என் ஊகம். ஆனால் டியூக் வேடம் அப்படியல்ல. எட்டு நிமிடம் ஒரே கார்டில் ஆளைக் கட்டிப்போட்டவரின் நிதானம் அதில் அப்படியே இருக்கிறது.

இனி நீங்கள் கேட்ட கார்ட்டூன் தொடர், ‘சவுத் பார்க்’ பற்றி. 1997-லிருந்து பள்ளிச் சமையல்காரர் செஃப் பாத்திரத்துக்குக் குரல் கொடுத்தார். அவர் பாடிய ‘சாக்லேட் சால்ட்டி பால்ஸ்’ பாட்டு பிரிட்டனில் முதலிடத்துக்கே போனது. அவருடைய பழைய பாட்டுகளைக் கேட்டிராத ஒரு தலைமுறை அவரை அறிந்தது இந்தக் குரலால்தான். அவர் விலகிய கதைதான் குழப்பமானது. உறுதியானவை இவை: ஹேய்ஸ் சயன்டாலஜி என்ற மத அமைப்பைச் சேர்ந்தவர். 2005 நவம்பரில் அந்த அமைப்பைக் கிண்டல் செய்து ஒரு பகுதி ஒளிபரப்பானது. 2006 ஜனவரியில் அவருக்குப் பக்கவாதம் வந்தது. மார்ச்சில் அவர் பெயரில் விலகல் அறிக்கை வந்தது. அந்த அறிக்கை அவர் மனதறிந்து வந்ததா என்பதுதான் சந்தேகத்துக்குரியது. அப்பாவுக்கு அப்போது முடிவெடுக்கும் நிலை இல்லை, சுற்றி இருந்தவர்கள்தான் அவர் பெயரில் விலகினார்கள் என்று மகன் பல வருடம் கழித்துப் பேட்டியில் சொன்னார். நான் மகன் சொல்வதை நம்புகிறேன். ஆனாலும் அது ஒருவரின் சாட்சியம்தான்.

அதே 2006 மார்ச்சில் இன்னொன்றும் நடந்தது. மெம்பிஸில் எடுத்த ‘ஹசில் அண்ட் ஃப்ளோ’ படத்தில் ஹேய்ஸ் ஒரு மதுக்கடைக்காரராகச் சின்ன வேடம் செய்திருந்தார். அந்தப் படத்தின் பாட்டுக்கு மெம்பிஸ் ராப் குழுவான த்ரீ 6 மாஃபியா ஆஸ்கர் வாங்கியது. 34 வருடம் முன்பு அதே ஊரிலிருந்து போய் அவர் வாங்கிய அதே பிரிவு. ராப் உலகம் அதற்கு முன்பே அவரைக் கொண்டாடிக்கொண்டிருந்தது. பப்ளிக் எனிமி என்ற ராப் குழுவிலிருந்து போர்ட்டிஸ்ஹெட் என்ற பிரிட்டிஷ் குழு வரை அவருடைய பதிவுகளிலிருந்து துண்டுகளை எடுத்துப் புதுப் பாட்டுக் கட்டினார்கள். இசை தீர்ந்துபோனவரிடமிருந்து யாரும் இவ்வளவு எடுக்க முடியாது.

2008 ஆகஸ்ட் 10, 66 வயதாகப் பத்து நாள் இருக்கும்போது, மெம்பிஸ் அருகே வீட்டில் நடைப்பயிற்சி இயந்திரத்துக்குப் பக்கத்தில் விழுந்து கிடந்தார். மறுபடி பக்கவாதம். கடைசியாக நடித்த ‘சோல் மென்’ அந்த நவம்பரில் வந்தது. அதில் நடித்த பெர்னி மேக் இவருக்கு ஒரு நாள் முன்புதான் இறந்திருந்தார். ஸ்டாக்ஸ் கட்டடம் 1989-ல் இடிக்கப்பட்டு, அதே இடத்தில் 2003-ல் அருங்காட்சியகமாக எழுந்தது. திவாலில் பறிபோன கடிலாக் இப்போது அங்கேதான் இருக்கிறது.

கேட்க ஆரம்பிக்கிறீர்கள் என்றால், ‘ஷாஃப்ட்’ பாட்டை நல்ல ஹெட்ஃபோனில் போடுங்கள். முதல் தடவை வேறு எதையும் கவனிக்காமல் ஹை-ஹாட்டை மட்டும் கடைசி வரை பின்தொடருங்கள். இரண்டாவது தடவை கிட்டார். அதன் பிறகு ஒரு இரவு, விளக்கை அணைத்துவிட்டு, அந்த 18 நிமிடப் பாட்டு.